க்ளவுஸ் டோல்டிங்கர்: 30 வினாடி மெட்டும் 50 ஆண்டு இசைக்குழுவும்

கேள்வி: 'டாஸ் போட்' படத்துக்கு இசையமைத்த க்ளவுஸ் டோல்டிங்கர் உண்மையில் ஒரு ஜாஸ் சாக்ஸஃபோன்காரர் என்கிறார்கள். அவர் சினிமாவுக்கும் தொலைக்காட்சிக்கும் வந்தது எப்படி? இயக்குநர் ஹாலிவுட் போனபோது இவர் ஏன் போகவில்லை? ஜெர்மனியில் ஓர் இசையமைப்பாளர் எதை வைத்துப் பிழைக்கிறார்? அவரை எங்கிருந்து கேட்கத் தொடங்கலாம்?

பதில்:

கடைசிவரை அவர் ஜாஸ்காரர்தான். படத்துக்கு இசையமைப்பவர்களில் இரண்டு ரகம் உண்டு. காட்சிக்குக் காட்சி அளவெடுத்து, சட்டை தைப்பதுபோல இசை தைக்கிறவர்கள் ஒரு ரகம். ஒரே ஒரு மெட்டைப் பிடித்துக்கொண்டு அதையே வேகம் மாற்றி, வாத்தியம் மாற்றி, படம் முழுக்க ஓடவிடுகிறவர்கள் இன்னொரு ரகம். டோல்டிங்கர் இரண்டாவது ரகம். மேடையில் ஒரு மெட்டை எடுத்து இருபது நிமிடம் விரித்துப் பழகிய கைக்கு அதுதான் இயல்பாக வரும். அவருடைய திரை வாழ்க்கையை இந்த ஒரு விஷயத்தை வைத்தே பெரும்பாலும் புரிந்துகொள்ளலாம்.

1936 மே 12 அன்று பெர்லினில் பிறந்தார். சிறு வயதில் குடும்பம் வியன்னாவுக்குப் போனது. போர் முடியும் நேரத்தில் அங்கிருந்து கிளம்பி பவேரியாவில் ஷ்ரோபன்ஹவுசன் என்ற சிற்றூருக்கு வந்து சேர்ந்தார்கள். ஜாஸை முதன்முதலில் அவர் கேட்டது அங்கே முகாமிட்டிருந்த அமெரிக்கச் சிப்பாய்களிடம். பிறகு டூசல்டார்ஃப். 1947-ல், பதினொரு வயதில், அவ்வூர் ராபர்ட் ஷூமன் இசைக்கல்லூரியில் பியானோ வகுப்பில் சேர்ந்தார். க்ளாரினெட் பிறகு வந்தது. அதே இடத்தில் ஒலிப்பதிவுத் தொழிலையும் படித்தார். இதைப் பலரும் கவனிப்பதில்லை. மைக் எங்கே நிற்க வேண்டும், எந்த வாத்தியம் எந்த வாத்தியத்தை மூடும் என்று தெரிந்துகொண்டு எழுதுகிற இசையமைப்பாளருக்கு, ஓசைகளைக் கலக்கும் மிக்ஸிங் மேடையில் பாதி சண்டை மிச்சம். பின்னாளில் சின்தசைஸரையும் இசைக்குழுவையும் ஒன்றின் காலை ஒன்று மிதிக்காமல் சேர்த்து வைத்ததற்கு வேர் இங்கே இருக்கிறது.

1953-ல் ஃபீட்வார்மர்ஸ் என்ற டிக்ஸிலேண்ட் (பழைய பாணி ஜாஸ்) குழு. அதை ஒட்டியே ஆஸ்கர்ஸ் ட்ரியோ என்ற நவீன ஜாஸ் குழு. 1960-ல் அமெரிக்கா போனபோது நியூ ஆர்லியன்ஸ் நகரம் கௌரவக் குடிமகன் பட்டம் கொடுத்தது. அறுபதுகளின் தொடக்கத்தில் ஆர்கன், பியானோ இரண்டும் வாசிக்கும் இங்ஃப்ரீட் ஹாஃப்மனைச் சேர்த்துக்கொண்டு தன் பெயரிலேயே நால்வர் குழு அமைத்தார். 1963-ல் வந்த அந்தக் குழுவின் இசைத்தட்டுக்கு 'ஜாஸ் மேட் இன் ஜெர்மனி' என்று பெயர். அதுவரை ஜெர்மன் ஜாஸ் என்றால் அமெரிக்க நகல் என்றுதான் பேச்சு. அந்தத் தலைப்பிலேயே கொஞ்சம் வீம்பு இருக்கிறது. ஜெர்மன் பண்பாட்டை வெளிநாடுகளில் பரப்பும் கோத்தே நிறுவனம் அவரை வட ஆப்பிரிக்கா, தென் அமெரிக்கா, ஆசியா என்று அனுப்பியது. போன இடத்துத் தாளங்களைக் கையோடு எடுத்துக்கொண்டு வரும் பழக்கம் அப்போது தொடங்கியது.

ஜாஸ் வாசித்து மட்டும் வீட்டு வாடகை கட்ட முடியாது, அன்றும் அப்படித்தான். அதனால் பால் நீரோ என்ற புனைபெயரில் ஆட்டத்துக்கான பீட், சோல் தட்டுகள் போட்டார். விளம்பரங்களுக்கு எழுதினார். 1967 ஆகஸ்ட் 25-ல் மேற்கு ஜெர்மனியில் கலர் தொலைக்காட்சி தொடங்கியபோது அதற்கான சிறு அடையாள இசையும் இவருடையது. விளம்பர இசை மட்டம் என்று நினைக்கிறவர்கள் இந்தக் காலகட்டத்தைத் தாண்டிப் போய்விடுவார்கள். ஐந்து வினாடியில் கேட்பவனைத் திரும்பிப் பார்க்க வைக்கும் வித்தை அங்கே கற்றதுதான். அடுத்து வந்த வேலைக்கு வேறு எந்தப் பயிற்சியும் இவ்வளவு பொருந்தியிருக்காது.

அந்த வேலை 'டாட்டோர்ட்'. குற்றம் நடந்த இடம் என்று பொருள். ஏஆர்டி தொலைக்காட்சியின் துப்பறியும் தொடர். ஏஆர்டி என்பது ஜெர்மன் வட்டார ஒலிபரப்பு நிறுவனங்களின் கூட்டமைப்பு. ஒவ்வொரு வட்டார நிலையமும் தன் ஊரில், தன் போலீஸ்காரரை வைத்து 90 நிமிடத் துப்பறியும் படம் எடுக்கும். எல்லாம் ஒரே தலைப்பின் கீழ் ஞாயிறு இரவு 8.15-க்கு வரும். யோசனை டபிள்யூடிஆர் நிலையத்தின் குந்தர் விட்டேயுடையது. முதல் படம் 1970 நவம்பர் 29-ல் வந்தது. 1,200 படங்களைத் தாண்டி இன்றும் ஓடுகிறது. ஊர் மாறும், நடிகர் மாறுவார், இயக்குநர் மாறுவார். மாறாமல் இருப்பது தொடக்கத்தின் சுமார் 30 வினாடிதான்.

இங்கே வழக்கமான ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். டோல்டிங்கர் 'டாட்டோர்ட் இசையமைப்பாளர்' என்றால் அத்தனை படங்களுக்கும் பின்னணி இசை அவர் போட்டார் என்று பொருள் இல்லை. தலைப்பு இசை அவருடையது. நம் ஊரில் ஆர்.ஆர். என்கிற வேலையை ஒவ்வொரு படத்துக்கும் வேறு வேறு ஆட்கள் செய்கிறார்கள்.

அந்த 30 வினாடியைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்ப்போம். வினாடிக்கு 25 ஃபிரேம் (படச்சட்டம்) கணக்கில் அது 750 ஃபிரேம். முதலில் திரையை அகலத்தில் நிரப்பும் ஒரு ஜோடிக் கண்கள். அதன்மேல் துப்பாக்கிக் குறிவட்டம் கூடுகிறது. முகத்தை மறைத்துத் தூக்கிய கைகள். பிறகு ஓடும் கால்கள், கைரேகைக் கோடுகள். கண்கள் வரும்போது இசையில் தாளம் கிடையாது. குத்திட்டு நிற்கும் சத்தம் மட்டும். கால்கள் ஓடத் தொடங்கியபிறகுதான் பேஸும் ட்ரம்ஸும் பிடித்துக்கொண்டு ஓடுகின்றன. பித்தளை வாத்தியங்கள் மேலே வந்து விழுகின்றன. முதல் பாதியில் மூச்சை அடக்க வைத்து, இரண்டாம் பாதியில் அதை விடச் சொல்கிற அமைப்பு. பாடத்தக்க ராகம் என்று பெரிதாக ஒன்றும் இல்லை. அது குறையல்ல. சமையலறையில் நிற்பவர் பாட்டு கேட்பதற்காகக் கூடத்துக்கு ஓடிவர மாட்டார். அழைப்பு மணி அடித்தால் ஓடிவருவார். இது மணி.

முதல் ஒலிப்பதிவில் ட்ரம்ஸ் வாசித்தவர் உடோ லிண்டன்பெர்க். அப்போது அவர் பெயர் யாருக்கும் தெரியாது. சில ஆண்டுகளில் ஜெர்மன் மொழி ராக்கின் மிகப் பெரிய நட்சத்திரம் ஆனார். இசை பிறகு 1978-லும் 2004-லும் புதிதாகப் பதிவு செய்யப்பட்டது. பழையதைக் கேட்டுவிட்டுப் புதியதைக் கேட்டால் ட்ரம்ஸின் ஓசையில்தான் வித்தியாசம் முதலில் பிடிபடும். எலும்புக்கூட்டில் கைவைக்கவில்லை. 2011-ல் அத்தொடரில் நடிக்க ஒப்பந்தமான டில் ஷ்வைகர் தொடக்கக் காட்சி பழசாகிவிட்டது, எடுத்துவிடலாம் என்கிற மாதிரி பேசப்போக, நாடே அவர்மேல் பாய்ந்தது. காட்சி அப்படியே இருக்கிறது.

இனி காசு விஷயம். இந்த 30 வினாடியே அதற்கு நல்ல பாடம், ஏனென்றால் இதில் மூன்று பேர் உழைத்தார்கள். மூவருக்கும் மூன்று கதி. அந்தக் கண்களும் கால்களும் ஹோர்ஸ்ட் லெட்டன்மயர் என்ற நடிகருடையவை. அவருக்குக் கிடைத்தது 400 மார்க், ஒரே தடவை. காட்சியை வடிவமைத்தவர் கிறிஸ்டினா பொட்ரிஷ்-மெர்ஜனோவா. அவருக்கு 2,500 மார்க், அதுவும் ஒரே தடவை. பல ஆண்டுகள் கழித்து அவர் வழக்குப் போட்டார். ஜெர்மன் பதிப்புரிமைச் சட்டத்தில் 32அ என்று ஒரு பிரிவு இருக்கிறது: படைப்பு மிக அதிகமாகச் சம்பாதித்துக் கொடுத்து, படைத்தவனுக்குக் கொடுத்தது அதோடு ஒப்பிடக் கொஞ்சமாகிப் போனால், மேற்கொண்டு கேட்கலாம். 2010-ல் மியூனிக் மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம் சாய்ந்தது. 2011-ல் மேல்நீதிமன்றம் அதைக் கவிழ்த்தது. இந்த முகப்பு ஒரு அடையாளப் பலகை மட்டுமே, இதற்காக யாரும் படம் பார்க்க உட்காருவதில்லை என்பது அந்த நீதிமன்றம் சொன்ன காரணத்தின் சாரம்.

டோல்டிங்கர் நீதிமன்றம் போக வேண்டிய தேவையே வரவில்லை. காரணம் திறமை வித்தியாசமல்ல; கேமா. அது இசையமைப்பாளர்கள், பாடலாசிரியர்கள், பதிப்பாளர்கள் ஆகியோரின் உரிமைத்தொகையை வசூலிக்கும் சங்கம். நிலையங்கள் அதற்கு மொத்தமாகப் பணம் கட்டுகின்றன, அது ஒலிபரப்புகளைக் கணக்கிட்டுப் பங்கிடுகிறது. கண்ணுக்கும் காலுக்கும் வடிவமைப்புக்கும் அப்படி ஒவ்வொரு தடவையும் எண்ணிக் கொடுக்கும் ஏற்பாடு அன்று இல்லை. இசைக்கு இருந்தது.

வரிகள் இல்லாத வாத்திய இசைக்கு இந்தப் பங்கீடு எப்படி என்றால்: ஒலிபரப்பு, மேடை நிகழ்ச்சி வருவாயில் பன்னிரண்டு பங்கு போட்டு எட்டு இசையமைப்பாளருக்கு, நான்கு பதிப்பாளருக்கு. தட்டு, குறுந்தகடு போன்ற நகலெடுப்பு வருவாயில் நூற்றுக்கு அறுபது இசையமைப்பாளருக்கு, நாற்பது பதிப்பாளருக்கு. பதிப்பாளர் இல்லாமல் இருந்தால் முழுவதும் இசையமைப்பாளருக்கே. அதனால்தான் அங்கே விவரம் தெரிந்தவர்கள் தயாரிப்பு நிறுவனம் தன் கிளைப் பதிப்பகத்துக்குக் கையெழுத்துக் கேட்கும்போது பேனாவை உடனே எடுப்பதில்லை. முன்பணம் சின்னதாக இருந்து, பதிப்பகம் ஒரு வேலையும் செய்யாமல் மூன்றில் ஒரு பங்கை எழுபது ஆண்டுக்குக் கொண்டுபோவதுதான் இந்தத் தொழிலில் அடிக்கடி நடக்கும் நஷ்டம். எழுபது என்பது ஆள் இறந்த பிறகு உரிமை நீடிக்கும் காலம்.

அமெரிக்க முறையில் 'இவ்வளவு தருகிறேன், இனி எல்லாம் என்னுடையது' என்று மொத்தமாக வாங்கிக்கொள்ள முடியும். ஜெர்மன் சட்டத்தில் பதிப்புரிமையே கைமாறாது. பயன்படுத்தும் உரிமையைத்தான் கொடுக்க முடியும். இசையைப் படத்தோடு இணைக்கும் உரிமை தனி. தொலைக்காட்சி நிலையம் தன் ஒலிபரப்புக்காகவே எடுக்கும் படம் என்றால் அந்த அனுமதியும் கேமா வழியாகவே போய்விடும். சினிமா என்றால் தயாரிப்பாளர் இசையமைப்பாளரிடமோ பதிப்பாளரிடமோ தனியாகப் பேச வேண்டும். விளம்பரம் என்றால் கட்டாயம் தனியாகப் பேச வேண்டும்.

இத்தனை ஏற்பாடும் ஒரு தாளில் தொங்கிக்கொண்டிருக்கிறது: படத்தின் இசைப் பட்டியல். எந்தத் துண்டு, யார் எழுதியது, யார் பதிப்பாளர், எத்தனை நிமிடம் எத்தனை வினாடி என்று வரிசையாக இருக்கும். பணம் வராமல் போவது பெரும்பாலும் இங்கேதான். பட்டியலில் எழுதிய தலைப்பும் சங்கத்தில் பதிவு செய்த தலைப்பும் ஒத்துப்போகாது. கடைசி நேரத்தில் எடிட்டர் காட்சியைக் குறைத்திருப்பார். பட்டியலில் பழைய நீளம் நிற்கும். மறு எடிட் செய்து வெளிநாட்டுக்கு விற்ற பதிப்புக்குப் புதிய பட்டியலே போயிருக்காது. புனைபெயரில் எழுதியது புனைபெயரோடு பதிவாகாமல் கிடக்கும். படம் ஒலிபரப்பாவதற்கு முன்பே பட்டியலின் நகலை வாங்கித் தன் பதிவுகளோடு வரி வரியாக ஒப்பிடுவது ஒரு நாள் வேலை. விட்டால் பல ஆண்டு வருமானம் போகும்.

இப்போது 1971. தலைப்பு இசை ஓடத் தொடங்கிய அதே காலத்தில் டோல்டிங்கர் 'பாஸ்போர்ட்' குழுவைத் தொடங்குகிறார். முதல் தட்டில் ட்ரம்ஸ் அதே லிண்டன்பெர்க். அவர் பாட்டுக்குப் போனபிறகு 1973 முதல் கர்ட் க்ரெஸ் ட்ரம்ஸ், வோல்ஃப்காங் ஷ்மிட் பேஸ், கிறிஸ்டியன் ஷூல்ட்ஸே கீபோர்டு. ஜாஸும் ராக்கும் கலந்த மின்வாத்திய இசை. அமெரிக்காவில் அட்லாண்டிக் நிறுவனம் வெளியிட்டது. 'லுக்கிங் த்ரூ', 'க்ராஸ் கொலாட்டரல்', 'இன்ஃபினிட்டி மெஷின்' என்று வரிசையாக வந்து, 1977-ல் பிரேசில் போய் அவ்வூர்த் தாளக்காரர்களோடு 'இகுவாசு' பதிவானது. சினிமா விமர்சகர்கள் இந்தக் குழுவை ஓரமாகக் குறிப்பிட்டுவிட்டுப் போவார்கள். அது தப்பு. டோல்டிங்கரின் படஇசைக்கு இதுதான் பட்டறை. டெனர், சோப்ரானோ சாக்ஸோடு மூக், மெல்லோட்ரான் போன்ற மின் கீபோர்டுக் கருவிகளை வைத்து எந்த ஓசை எதோடு சேரும் என்று வருடக்கணக்கில் மேடையில் சோதித்துப் பார்த்தபிறகுதான் அவற்றைப் படத்துக்கு எடுத்துப் போனார்.

அந்த ஆண்டுகளில் ஃபோல்கர் ஷ்லோண்டோர்ஃபின் 'பால்' (Baal), மார்கரேத்தே ஃபான் ட்ரோட்டாவின் 'கிறிஸ்டா க்ளாகஸின் இரண்டாம் விழிப்பு' என்று புதிய ஜெர்மன் சினிமாக்காரர்களோடும் வேலை செய்தார். 1974-ல் வோல்ஃப்காங் பீட்டர்சனின் முதல் திரையரங்குப் படத்துக்கும் இசை இவர்தான். அந்தக் கூட்டுதான் ஏழாண்டு கழித்து 'டாஸ் போட்' ஆனது.

'டாஸ் போட்' 1981-ல் வந்த நீர்மூழ்கிக் கப்பல் படம். மூலம் லோத்தர்-குந்தர் பூக்ஹைமின் 1973 நாவல். மியூனிக்கில் பவேரியா ஸ்டூடியோவில் நீர்மூழ்கியின் உள்கூட்டைக் கட்டி ஆட்டி எடுத்தார்கள். தொடக்கத்திலிருந்தே திரையரங்குக்கும் தொலைக்காட்சிக்கும் சேர்த்துத் திட்டமிட்ட படம். திரையரங்கில் 149 நிமிடம். 1985-ல் ஜெர்மன் தொலைக்காட்சியில் மூன்று பாகமாக ஏறக்குறைய ஐந்து மணி நேரம். 1997-ல் இயக்குநர் பதிப்பு 208 நிமிடம். இசையமைப்பாளருக்கு இது விபரீதமான கணக்கு. காட்சிக்கு அளந்து தைத்த இசையாக இருந்தால், 149 நிமிடத்துக்குத் தைத்தது 300 நிமிட உடம்புக்கு எங்கே போதும்? மெட்டுக்காரரின் வழி இங்கேதான் கைகொடுத்தது. மைனரில் ஒரே ஒரு மெட்டு, அலை எழும்பி அடங்குவதுபோல. துறைமுகத்தை விட்டுக் கிளம்பும்போது அது பெருமிதமாக, முழு இசைக்குழுவோடு வரும். மூழ்கும்போது அதே மெட்டு சின்தசைஸரில், அடியில் கனத்து, இழுத்து இழுத்து வரும். நீளம் கூட்ட வேண்டுமா, வேகத்தைக் குறை. வெட்ட வேண்டுமா, எந்த வாக்கியத்தின் முடிவிலும் வெட்டலாம், தையல் தெரியாது.

மெட்டோடு எதிரொலிக்கருவியின் 'பிங்' சத்தமும் சேர்ந்தே வரும். எதிரிக் கப்பல் நீருக்கடியில் தேடும்போது எழுப்பும் ஒலி அது. இசையில் அது ஒரு தாளப் புள்ளி. கதையில் அது சாவு நெருங்கும் ஓசை. இரண்டுக்கும் ஒரே ஓசையைக் கொடுத்ததால், பிறகு வெறும் பிங் மட்டும் கேட்டாலே வயிற்றைப் பிசைகிறது. ஆழ்நீர் வெடிகள் விழும் நீண்ட காட்சிகளில் இசை பெரும்பாலும் ஒதுங்கி நின்று இரும்பின் முனகலுக்கு இடம் விடுகிறது. அங்கே ஒலிப்பதிவுத் தொழில் படித்தவரின் அடக்கம் தெரிகிறது. படத்துக்கு ஆறு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது, ஒலிக்கும் ஒலி விளைவுக்கும் உட்பட. இசைக்கு இல்லை. எனக்கு அது வியப்பில்லை. அந்த இசை தன்னைக் காட்டிக்கொள்வதே இல்லை.

பத்தாண்டு கழித்து அந்த மெட்டு இன்னொரு உயிர் எடுத்தது. ஹாம்பர்கைச் சேர்ந்த யூ96 என்ற டெக்னோ குழு அதை எடுத்து ஆட்டத் தட்டாக்கியது. 1992-ல் 13 வாரம் ஜெர்மனியில் முதல் இடம். இன்று இணையத்தில் தேடினால் பலருக்கு முதலில் கிடைப்பது இதுதான். அதைக் கேட்டுவிட்டு 'டோல்டிங்கர் டெக்னோ போட்டாரா' என்று கேட்பவர்கள் உண்டு. இல்லை. ஆனால் மெட்டை எழுதியவர் என்ற முறையில் அவர் பெயர் அதில் இருக்கிறது. மேலே சொன்ன பங்கீடு அங்கேயும் வேலை செய்யும். 2018-ல் அதே பெயரில் வந்த தொலைக்காட்சித் தொடருக்கு இசை மத்தியாஸ் வேபர். தலைப்பில் டோல்டிங்கரின் மெட்டு திரும்பி வந்தது.

கேட்கும்போது கவனிக்க ஒரு நுட்பச் சிக்கல். திரையரங்குப் படம் வினாடிக்கு 24 ஃபிரேம். ஐரோப்பியத் தொலைக்காட்சி 25. பழைய நாட்களில் படத்தைத் தொலைக்காட்சியில் போடும்போதும் டிவிடியாக்கும்போதும் அப்படியே 25-ல் ஓட்டிவிடுவார்கள். அதனால் 149 நிமிடப் படம் 143 நிமிடத்தில் முடியும். இசை நான்கு சதவீதம் வேகமாவதோடு சுருதியும் ஏறும்: ஆர்மோனியத்தில் அடுத்தடுத்த இரண்டு கட்டைகளுக்கு நடுவே உள்ள தூரத்தில் ஏறத்தாழ பத்தில் ஏழு பங்கு. 'டிவிடியில் கேட்பதும் ஆல்பத்தில் கேட்பதும் வேறு கட்டையில் இருக்கிறது' என்ற புகாருக்கு அநேகமாக இதுதான் காரணம். ஆல்பத்தின் மூன்று நிமிடத் துண்டை அந்த டிவிடியோடு சேர்த்து ஓட்டிப் பார்த்தால் முடிவில் ஏழு வினாடிக்குமேல் விலகி நிற்கும். ப்ளூரேயில் 24-லேயே ஓடுவதால் சரியாக இருக்கும். சில டிவிடிகளில் சுருதியை மட்டும் இறக்கித் திருத்தியிருப்பார்கள், வேகம் திருந்தாது.

எழுதும் பக்கத்திலிருந்து பார்த்தால் கணக்கு இப்படி: 25 ஃபிரேமில் ஒரு தாளத் தட்டுக்கு எத்தனை ஃபிரேம் என்று தெரிய 1,500-ஐ நிமிடத் தட்டு எண்ணிக்கையால் வகுக்க வேண்டும், 24-ல் 1,440-ஐ. நிமிடத்துக்கு 120 தட்டு என்றால் சினிமாவில் தட்டுக்குச் சரியாக 12 ஃபிரேம், தொலைக்காட்சியில் 12.5. அந்த அரை ஃபிரேம்தான் தொல்லை. ஒன்றுவிட்டு ஒரு தட்டு ஃபிரேமின் நடுவில் விழும், அங்கே வெட்டோடு ஒட்டாது. தொலைக்காட்சிக்கு எழுதும்போது 125 என்று வைத்துக்கொண்டால் மறுபடி 12 ஃபிரேம் வந்துவிடும். வெட்டு விழுந்த அதே கணத்தில் இசையும் அடிக்க வேண்டும் என்று இயக்குநர் கேட்டால் முதலில் இந்த வகுத்தலைப் போட்டுப் பார்த்துவிட்டு வேகத்தை முடிவு செய்வது நல்லது. 'டாட்டோர்ட்' தொலைக்காட்சிக்கென்றே பிறந்ததால் அந்தத் தலைப்பு இசைக்குச் சுருதிச் சிக்கல் வந்ததில்லை.

அடுத்தது 1984-ன் 'முடிவில்லாத கதை' (ஆங்கிலத்தில் 'தி நெவர்எண்டிங் ஸ்டோரி'). இதில்தான் அதிகம் பேர் ஏமாறுகிறார்கள். படத்துக்கு இரண்டு பதிப்பு. ஜெர்மன் பதிப்பு சுமார் 102 நிமிடம். முழுக்க டோல்டிங்கரின் இசைக்குழு இசை. மற்ற நாடுகளுக்குப் போன பதிப்பு 94 நிமிடம். வேகமாக எடிட் செய்து, ஜார்ஜியோ மொரோடரின் சின்தசைஸர் துண்டுகளை நடுநடுவே வைத்து, லிமால் பாடிய தலைப்புப் பாட்டோடு வந்தது. உலகமே முணுமுணுக்கும் அந்தப் பாட்டு ஜெர்மன் பதிப்பில் கிடையாது. ஆகவே ஆங்கிலப் பதிப்பைப் பார்த்துவிட்டு டோல்டிங்கரின் இசையை எடைபோடுவது நியாயமாகாது. பாதிக் கடிதத்தைப் படித்துவிட்டுப் பதில் எழுதுவது மாதிரி. சர்வதேச ஆல்பத்திலும் முன்பகுதி மொரோடர், பின்பகுதி டோல்டிங்கர். பறக்கும் காட்சிக்கான இசையை இரண்டு பதிப்பிலும் அடுத்தடுத்துக் கேட்டால், எடிட் மாறினால் இசை எப்படி மூச்சுத் திணறுகிறது என்பது விளங்கும்.

இனி ஹாலிவுட். 'டாஸ் போட்' இயக்குநர் பீட்டர்சன் போனார். 1985-ல் 'எனிமி மைன்' படத்துக்கு மொரீஸ் ஜார், 1993-ல் 'இன் தி லைன் ஆஃப் ஃபயர்' படத்துக்கு என்னியோ மோரிகோனே என்று அங்கே பெரிய பெயர்கள் இசையமைத்தார்கள். டோல்டிங்கர் மியூனிக்குக்குத் தெற்கே இக்கிங் என்ற ஊரில் 1968 முதல் இருந்த வீட்டிலேயே இருந்தார். மனதில் என்ன இருந்தது என்பதை வெளியிலிருந்து சொல்ல முடியாது. ஆனால் கணக்கு கண்ணுக்குத் தெரிகிறது. ஹாலிவுட்டில் இசையமைப்பாளருக்கு முழுநேர வேலை காட்சிக்குக் காட்சி தைப்பதுதான். உதவியாளர்கள், வாத்திய அமைப்பாளர்கள் என்று ஒரு பட்டாளத்தை நடத்த வேண்டும். சொந்தக் குழுவோடு மேடையில் நிற்கிற ஆளுக்கு அது ஒத்துவராது. இங்கே ஞாயிறுதோறும் ஒலிக்கும் மெட்டு இருந்தது. 1981-ல் இசட்டிஎஃப் நிலையத்தில் தொடங்கிய 'ஐன் ஃபால் ஃபூர் ஸ்வை' தொடரின் தலைப்பு இசையும் இவருடையது. 1986 முதல் 'லீப்லிங் க்ராய்ட்ஸ்பெர்க்' தொடரும். ஹாலிவுட்டில் பெயர் பெற்ற ஜெர்மன் இசையமைப்பாளர் ஹன்ஸ் சிம்மரோடு ஒப்பிட்டுப் பேசுவார்கள். சிம்மர் இளவயதிலேயே இங்கிலாந்து போய் அங்கே வளர்ந்து அமெரிக்கா போனவர்; ஜெர்மன் தொழில்முறையில் வளர்ந்தவர் அல்ல. ஒப்பீடு பொருந்தாது. சினிமாவை இவர் விட்டுவிடவும் இல்லை. 1998-ல் ஷ்லோண்டோர்ஃபின் 'பால்மெட்டோ' அமெரிக்காவில் எடுத்த படம், இசை இவர்.

இன்று அதே வழியில் ஒருவர் போக முடியுமா என்றால், பாதிதான் முடியும். விளம்பரத்திலிருந்தும் மேடையிலிருந்தும் நேராகத் தலைப்பு இசைக்கு வருவது குறைந்துவிட்டது. மியூனிக் இசைக் கல்லூரி, லுட்விக்ஸ்பர்க் திரைப்பட அகாதெமி, பாபெல்ஸ்பெர்க் திரைப்படப் பல்கலைக்கழகம் ஆகியவற்றில் படஇசைக்கென்றே படிப்பு இருக்கிறது. அங்கே உடன்படிக்கும் இயக்குநர் மாணவரின் குறும்படம்தான் முதல் வேலை. பீட்டர்சன் டோல்டிங்கரோடு சேர்ந்தே வளர்ந்ததுபோல அந்த நட்புகள்தான் பிறகு சோறு போடும். சுயதொழில் கலைஞர்களுக்கு 1983 முதல் கலைஞர் சமூகக் காப்பீட்டு நிதி இருக்கிறது. ஓய்வூதியம், மருத்துவக் காப்பீட்டுத் தொகையில் பாதியைக் கலைஞர் கட்டினால் போதும். அதில் சேர இசையிலிருந்து ஆண்டுக்கு 3,900 யூரோவுக்குமேல் வருமானம் காட்ட வேண்டும். தொடக்கக்காரர்களுக்கு முதல் மூன்றாண்டு விலக்கு உண்டு. மற்றொன்று, 2012 ஆகஸ்ட் இறுதியிலிருந்து ஜெர்மன் தொலைக்காட்சி முழுவதும் சராசரி ஒலியளவை மைனஸ் 23 எல்யூஎஃப்எஸ் (காதுக்குக் கேட்கும் சத்தத்தை அளக்கும் அலகு) என்று வைத்துவிட்டது. தலைப்பு இசையைச் சத்தத்தால் தூக்கிக் காட்டுவது இனி நடக்காது. சத்தமாகக் கொடுத்தால் மொத்தத்தையும் இறக்கிவிடுவார்கள், உரையாடலும் சேர்ந்து அமுங்கும். எடுப்பும் இடைவெளியும்தான் கவனத்தை இழுக்க வேண்டும். 'டாட்டோர்ட்' முகப்பின் தாளமில்லாத தொடக்கத்தை இதற்காகவே மறுபடி கேட்கலாம்.

கேட்கும் வரிசை என்று கேட்டதற்கு: முதலில் 'டாட்டோர்ட்' தலைப்பின் 1970 பதிவும் 2004 பதிவும், அடுத்தடுத்து. பிறகு 'லுக்கிங் த்ரூ' முழுத் தட்டு. இதைத் தாண்டிவிட்டுப் போனால் மற்றது பிடிபடாது. அதற்குப்பின் 'டாஸ் போட்' இயக்குநர் பதிப்பு, நல்ல ஒலியமைப்பில், முடிந்தால் ப்ளூரேயில். மெட்டு எத்தனை முறை என்னென்ன வேகத்தில் வருகிறது என்று ஒரு தாளில் குறித்துக்கொண்டே பாருங்கள். 'முடிவில்லாத கதை'க்கு ஜெர்மன் பதிப்பு. அலுத்துவிட்டால் 1963 நால்வர் குழு, மாற்றத்துக்கு. கடைசியாக 2020-ல் வந்த 'மதர்ஹூட்'. அறுபதுகளின் இறுதியில் தான் வைத்திருந்த குழுவின் பெயரையே அதற்கு வைத்தார். 84-வது வயதில் வாசித்தது. லிண்டன்பெர்க் அதில் விருந்தாளியாக வருகிறார், இந்தமுறை பாடுவதற்கு. டோல்டிங்கர் 2025 அக்டோபரில், 89-வது வயதில் மறைந்தார்.